கயிற்றின் மறுமுனையில் இல்ஸே ரோடே

1921-ல் வந்த ஒரு ஜெர்மன் மௌனப்படம். ‘மலையோடு போராட்டம்’ என்பது தலைப்பின் பொருள். ‘புயலிலும் பனியிலும்’ என்று இன்னொரு தலைப்பும் அதற்கு உண்டு. கதை என்று பெரிதாக எதுவும் கிடையாது. ஒரு ஆணும் ஒரு பெண்ணும் இடுப்பில் ஒரே கயிற்றைக் கட்டிக்கொண்டு, சுவிட்சர்லாந்துக்கும் இத்தாலிக்கும் எல்லையாக நிற்கிற பனிமலைகளில் ஏறுகிறார்கள். ஆண், ஹானஸ் ஷ்னைடர். பனிச்சறுக்கின் வரலாறு கொஞ்சம் படித்தவர்களுக்குக்கூடத் தெரிந்த பெயர். இயக்குநர் ஆர்னால்ட் ஃபாங்க்கைப் பற்றி அலமாரி நிறைய எழுதியிருக்கிறார்கள். பெண்ணின் பெயர் இல்ஸே ரோடே. பெரும்பாலான புத்தகங்களில் அவருக்குக் கிடைப்பது நடிகர் பட்டியலில் ஒரு வரி.

ஜெர்மனியில் நான் வசிக்கும் ஃப்ரைபுர்க் ஊரில்தான் இந்தப் படத்தைத் தயாரித்த நிறுவனம் தொடங்கப்பட்டது. வந்த புதிதில் அது எனக்குத் தெரியாது. பழைய மலைப்படங்களைத் திரையிடும்போதெல்லாம் போய் உட்கார்ந்து, அப்படியே இந்தப் பெண்மணியின் மேல் ஒரு பிடிப்பு வந்துவிட்டது. அவரைப் பின்தொடர்ந்ததில் நான் கற்றுக்கொண்டவற்றை இங்கே எழுதுகிறேன். ஆரம்பகால சினிமாவில் இப்படிப் பெயர் மங்கிப்போன யாரையாவது தேட நினைப்பவர்களுக்கு உபயோகப்படும்.

முதலில் சூழலைச் சொல்லிவிடுகிறேன். ஃபாங்க் 1889-ல் பிறந்தவர், படித்தது நிலவியல். 1913-ல் பனிச்சறுக்குப் பலகைகளோடு மோன்டே ரோசா மலையில் ஏறிய ஒரு பயணம் படமாக்கப்பட்டது. கேமராவைச் சுழற்றியவர் செப் ஆல்கையர், ஏறியவர்களில் ஒருவர் ஃபாங்க். போர் முடிந்ததும், 1920-ல், நண்பர்களோடு சேர்ந்து மலைக்கும் விளையாட்டுக்கும் மட்டுமான ஒரு படநிறுவனத்தை ஃப்ரைபுர்க்கில் தொடங்கினார். அதே ஆண்டு வந்த ‘பனிச்சறுக்கின் அதிசயம்’ அவர்களுடைய முதல் பெரிய முயற்சி. சறுக்கி வருபவரின் உடல் எப்படி வளைகிறது, பலகை எப்படித் திரும்புகிறது என்பதை மெதுவோட்டத்தில் காட்டிய படம் அது. விநியோகஸ்தர்கள் தயங்கினார்கள், அதனால் இவர்களே அரங்குகளை வாடகைக்கு எடுத்துத் திரையிட்டார்கள். அடுத்த ஆண்டு வந்ததுதான் நான் சொல்ல வந்த படம்.

அந்தக் குழுவில் தொழில்முறை நடிகர் ஒருவரும் இல்லை. தேடுகிறவர்கள் கவனிக்க வேண்டிய முதல் விஷயம் இதுதான். படத்தில் தோன்றியவர்களுக்கெல்லாம் வேறு ஒரு வாழ்க்கை இருந்தது, தடயங்கள் கிடக்கிற இடமும் அதுதான். பெர்ன்ஹார்ட் ஃபில்லிங்கர் மருத்துவர். வடதுருவப் பகுதியில் உள்ள ஸ்பிட்ஸ்பெர்கன் தீவில் காணாமல்போன ஒரு பயணக்குழுவைத் தேடிப் போனவர்களில் ஒருவர். ஃபாங்க்கின் கூட்டாளியான டேயோடாட்டுஸ் டௌவெர்ன் இனவரைவியல் அறிஞர். 1910 முதல் 1912 வரை, இன்றைய இந்தோனேசியாவில் உள்ள மொலுக்காஸ் தீவுகளுக்கு ஃப்ரைபுர்க்கிலிருந்து போன ஆய்வுக்குழுவில் இருந்தவர். செராம் தீவு மக்களைப் பற்றி 1918-ல் ஒரு புத்தகம் எழுதினார். அதே குழுவில் போன எர்வின் ஸ்ட்ரெசெமான் என்ற இளைஞர்தான் 1911-ல் பாலி மைனாவை அறிவியல் உலகுக்குக் கண்டுபிடித்தவர். வெள்ளை உடம்பும் கண்ணைச் சுற்றி நீலத் தோலுமாக இருக்கிற அந்தப் பறவையைப் பற்றிப் படிக்கப் போனால் டௌவெர்னின் பெயர் எதிரே வந்து நிற்கிறது! சினிமா நூல்களில் அரை வரியில் கடந்துபோகிற ஒருவர், இனவரைவியல் அலமாரியில் முழு மனிதராக இருக்கிறார். அதனால் திரைப்படத் தரவுத்தளத்தில் ஒரு பெயருக்குப் பக்கத்தில் ஒன்றுமே இல்லையென்றால் சோர்ந்துவிடாதீர்கள். மலையேறுவோர் சங்கங்களின் ஆண்டிதழ், பனிச்சறுக்குக் கழகங்களின் அறிக்கை, பல்கலைக்கழகத்தின் முனைவர் பட்ட ஆய்வேடுகள், இவற்றுக்குப் போங்கள்.

பெண்கள் விஷயத்தில் இது இன்னும் கடினம். அந்தக் காலத்து மலையேற்ற இதழ்களில் கணவரின் பட்டத்தோடு ‘டாக்டர் இன்னாரின் திருமதி’ என்று போட்டுவிட்டு, சொந்தப் பெயரை விட்டுவிடும் வழக்கம் சாதாரணமாக இருந்தது. ஆகவே முதல் பெயரை மட்டும் வைத்துத் தேடினால் பாதி இடங்களில் ஆள் அகப்படமாட்டார். குடும்பப் பெயரை வைத்துத் தேடி, கிடைப்பதையெல்லாம் ஒரு அட்டவணையில் போட்டு, ஆண்டையும் ஊரையும் வைத்துச் சலிக்க வேண்டும்.

இதில் ஒரு தொழில்நுட்பச் சிக்கலும் உண்டு. இதைத் தெரிந்துகொண்ட பிறகுதான் என் தேடல் கொஞ்சம் நகர்ந்தது. அன்றைய ஜெர்மன் செய்தித்தாள்கள் பல ஃப்ராக்டுர் என்ற பழைய கோண எழுத்தில் அச்சானவை. அந்த எழுத்தில் பெரிய ‘ஐ’யும் பெரிய ‘ஜே’யும் ஒரே வடிவம். சொல்லின் நடுவில் வரும் ‘எஸ்’ நீளமாக, ஏறக்குறைய ‘எஃப்’ மாதிரியே இருக்கும். பக்கங்களை ஸ்கேன் செய்து எழுத்தாக்கும் மென்பொருள் இந்த இரண்டிலும் தடுக்கி விழும். இல்ஸே என்ற பெயர் ‘ஜில்ஃபே’ என்று பதிவாகியிருக்கலாம். ரோடே என்பதிலும் ‘எச்’ எழுத்தை ‘ஆர்’ பக்கத்தில் போடுபவர்களும் உண்டு, ‘ஓ’வுக்குப் பிறகு போடுபவர்களும் உண்டு, விட்டுவிடுபவர்களும் உண்டு. எழுத்து மாற்றங்களையெல்லாம் முன்கூட்டியே ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டு, ஒவ்வொன்றாகப் போட்டுப் பாருங்கள். ஆஸ்திரிய தேசிய நூலகத்தின் செய்தித்தாள் தளமும் சுவிஸ் செய்தித்தாள் தளமும் இலவசம், வீட்டிலிருந்தே பார்க்கலாம். அப்புறம் ஒரு எச்சரிக்கை: ஒரே பெயரில் நாடக மேடையில் ஒருவர் இருப்பார், பள்ளி ஆசிரியையாக ஒருவர் இருப்பார். பெயர் ஒத்துப்போனதற்காக இரண்டு பேரை ஒட்டி ஒருவராக்கிவிடக் கூடாது. ஊர், ஆண்டு, உடன் இருந்தவர்கள், இவற்றில் ஏதாவது ஒன்றாவது தனியாகப் பொருந்த வேண்டும். இணையத்தில் சுற்றும் பல தவறான வாழ்க்கைக் குறிப்புகள் இப்படி ஒட்டுப்போட்டவைதான்.

அடுத்தது தணிக்கை அட்டை. 1920 மே மாதம் ஜெர்மனியில் திரைப்படச் சட்டம் வந்தது. அதன்பிறகு ஒவ்வொரு படமும் பெர்லினிலோ மூனிக்கிலோ இருந்த தணிக்கை அலுவலகத்தைத் தாண்டித்தான் திரைக்கு வர முடியும். அப்போது கொடுக்கப்பட்ட அட்டைகளில் நிறைய இன்றும் காப்பகங்களில் இருக்கின்றன. தலைப்பு, தயாரிப்பாளர், எத்தனை பாகம், எத்தனை மீட்டர், பல சமயம் இடைத்தலைப்பு வாசகங்கள் முழுவதும் அதில் இருக்கும். மீட்டர் கணக்கு அலட்சியப்படுத்தக் கூடிய விஷயமில்லை. 35 மில்லிமீட்டர் பிலிமில் ஒரு மீட்டருக்கு ஏறக்குறைய 52 சட்டங்கள், அதாவது தனித்தனிப் படங்கள். ஆயிரம் மீட்டர் பிலிமை நொடிக்கு 18 சட்டமாக ஓட்டினால் 49 நிமிடம் வரும். இன்றைய 24 சட்ட வேகத்தில் 36 நிமிடத்தில் முடிந்துவிடும். இப்படி வேகம் தப்பி ஏற்றப்பட்ட பிரதிகள் இணையத்தில் ஏராளம். அவற்றில் மலையேறுபவர்கள் துள்ளித் துள்ளி நடப்பார்கள். அந்த நடையைப் பார்த்து ஒருவரின் திறமையை எடைபோட முடியாது. வீடியோ இயக்கியில் வேகத்தை முக்கால் அளவுக்குக் குறைத்துப் பாருங்கள். மூச்சு வாங்கி நிற்கிற இடம், பனிக்கோடரியை ஊன்றிச் சோதிக்கிற இடம் எல்லாம் அப்போதுதான் கண்ணில் படும்.

சரி, காகிதங்கள் ஒரு எல்லைவரை. ஒரு மலைப்பட நடிகையைத் தெரிந்துகொள்ள அவர் கால் வைக்கிற விதத்தைப் படிக்கத் தெரிய வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. அதற்காகவே ஒரு கோடையில், சுவிட்சர்லாந்தின் மலையூரான செர்மாட் பக்கம் ஒரு பனியாற்றில் வழிகாட்டியோடு நடந்தேன். என்னைக் கயிற்றில் அவருக்கு அடுத்ததாகக் கட்டினார். பின்னால் வருபவருக்கு வேலையே இல்லை, இழுத்த இழுப்புக்குப் போக வேண்டியதுதான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். முதல் அரை மணி நேரத்திலேயே அந்த எண்ணம் போய்விட்டது. கயிறு தளர்ந்து கிடந்தால், முன்னால் போகிறவர் பனிப்பிளவில் விழும்போது அவர் கூடுதல் தூரம் போய்த்தான் நிற்பார், அந்த வேகத்தில் பின்னால் இருப்பவரையும் இழுத்துக்கொண்டு போவார். ரொம்ப இறுக்கமாக இருந்தால், அவர் எடுத்து வைக்கிற ஒவ்வொரு அடியிலும் இடுப்பில் வெட்டும். கயிறு பனியை லேசாக உரசிக்கொண்டு ஓட வேண்டும். அவர் ஒரு பிளவைத் தாண்டக் குதிக்கும்போது, சரியாக அந்தக் கணத்தில் பின்னால் இருப்பவர் இரண்டு எட்டு முன்னால் வந்து கயிறு கொடுக்க வேண்டும். சரிவில் கோணல்மாணலாக ஏறும்போது ஒவ்வொரு திருப்பத்திலும் கோடரியை மேட்டுப்பக்கத்துக் கைக்கு மாற்ற வேண்டும், கயிறு பள்ளத்துப்பக்கம் இருக்க வேண்டும், அதை மிதித்துவிடவும் கூடாது. இத்தனையும் தன்னால் நடக்கும் அளவுக்கு உடம்பில் ஊறியிருக்க வேண்டும். எனக்கு அன்று முழுவதும் எண்ணி எண்ணித்தான் நடந்தது.

திரும்பி வந்து படத்தை மறுபடி பார்த்தபோது முகங்களை விட்டுவிட்டுக் கயிற்றை மட்டும் பார்த்தேன். ஷ்னைடர் ஆஸ்திரியாவின் ஆர்ல்பெர்க் மலைக்காரர், அவர் எப்படி நடப்பார் என்பதில் சந்தேகம் இல்லை. ரோடேயின் கைகளையும் கால்களையும்தான் கவனித்தேன். மலை தெரியாத ஒருவரைக் கொண்டுவந்து கயிற்றில் கட்டி நிறுத்தியிருந்தால், கண் கேமராவைத் தேடும், கயிறு காலடியில் சுருண்டு கிடக்கும். இந்தப் பரீட்சையில் அவர் எனக்கு மலை தெரிந்தவராகத்தான் தெரிந்தார். அதுவும் எந்தச் சாதனங்களோடு என்று யோசித்துப் பாருங்கள். இன்று நாம் இடுப்பிலும் தொடையிலும் பட்டை மாட்டிக்கொள்கிறோம், விழுந்தால் எடை பரவிவிடும். அன்றைக்குச் சணல் கயிற்றை நேராக இடுப்பைச் சுற்றிக் கட்டுவார்கள். அது நனைந்து உறைந்தால் கம்பியைப் போல விறைத்துவிடும், முடிச்சை அவிழ்க்க முடியாது. காலில் ஆணி அடித்த தோல் பூட்ஸ். பூட்ஸுக்கு அடியில் மாட்டுகிற, பத்து முள் கொண்ட இரும்புக் கால்தளைகள் வந்து அதிகக் காலம் ஆகியிருக்கவில்லை. செங்குத்தான பனியில் கோடரியால் படி வெட்டி வெட்டித்தான் ஏற வேண்டும்.

அவர்கள் ஏறிய மலையும் சாதாரணமானதில்லை. 4,500 மீட்டருக்கு மேல் உயர்ந்த லிஸ்காம். நீண்ட கூர்முகடு, அதன் ஓரத்தில் காற்று குவித்துவைத்த பனிக்கூரைகள் அந்தரத்தில் நீட்டிக்கொண்டிருக்கும். மேலிருந்து பார்த்தால் கெட்டியான தரை மாதிரி இருக்கும், அடியில் ஒன்றும் இருக்காது. 1877-ல் இரண்டு ஆங்கிலேய மலையேறிகளும் மூன்று சுவிஸ் வழிகாட்டிகளும் அப்படியொரு கூரை உடைந்து விழுந்து இறந்தார்கள். ‘மனிதர்களைத் தின்கிற மலை’ என்றே அதற்குப் பெயர் வந்துவிட்டது.

இப்படிப்பட்ட இடத்தில் படம் எடுப்பது என்றால் என்ன? கேமரா கையால் சுழற்றுவது, மரத்தாலான முக்காலியில் நிற்பது, இடம் மாற்ற நேரம் எடுப்பது. ஏறிக்கொண்டிருப்பவர்களை முன்பக்கத்திலிருந்து பார்க்கிறோம் என்றால், கேமராக்காரர் ஏற்கெனவே அந்த உயரத்துக்கு ஏறி வந்து காத்திருக்கிறார் என்று அர்த்தம். ஆனால் சட்டகத்தில் பனி கால்படாமல் சுத்தமாக இருக்கிறது. அப்படியானால் படக்குழு வேறு வழியாகச் சுற்றிப் போயிருக்க வேண்டும். அடுத்த சட்டகத்தில் அதே ஏற்றம் பக்கவாட்டிலிருந்து தெரிந்தால், இருவரும் நடுச்சரிவில் நிறுத்தப்பட்டிருக்கிறார்கள், கேமரா நகர்ந்து, கை அசைத்த பிறகு மறுபடி தொடங்கியிருக்கிறார்கள். உறைகிற குளிரில், வெட்டிய படியில் ஒற்றைக் காலில் நின்றுகொண்டு, முதல் தடவை வைத்த அதே அடியை அதே வேகத்தில் மறுபடி வைப்பது நடிப்பு இல்லையென்றால் வேறு எது நடிப்பு? ஆவணப்படம் என்பதால் இவர்களை ‘நடிகர் அல்லாதவர்கள்’ என்று எழுதுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடே கிடையாது. ஒரு காட்சியைப் பார்க்கும்போது கேமரா எங்கே நிற்கிறது, அங்கே எப்படிப் போனது, பனியில் யாருடைய தடம் இருக்கிறது என்ற மூன்று கேள்விகளையும் கேட்டுக்கொண்டே பாருங்கள். எது ஒரே மூச்சில் ஏறியது, எது கேமராவுக்காக மறுபடி செய்தது என்பது பெரும்பாலும் பிரிந்துவிடும்.

முகத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. அந்தக் காலத்துப் பிலிமுக்குச் சிவப்பு நிறம் தெரியாது, நீலம் அதிகமாகத் தெரியும். அதனால் மஞ்சள் வடிகட்டி போடாவிட்டால் வானம் வெளுத்துவிடும். பனிவெயிலில் சிவந்து கன்றிய முகம் கறுத்துப் பதிவாகும். ரோடேயின் நிழற்படம் என்று எங்காவது எதையாவது பார்த்து முகத்தை ஒப்பிட முயன்றால் இதை மறந்துவிடாதீர்கள். ஃபாங்க்குக்கு வேறு எதிர்வெளிச்சத்தில் ஆட்களை நிறுத்துவது பிடித்தமான விஷயம். பல நேரம் நமக்குக் கிடைப்பது வெறும் உருவக்கோடுதான். முகத்தைவிட நடையும் உடையும் நம்பகமான அடையாளம்.

இடங்களை அடையாளம் காண்பதில் நான் செலவழித்த நேரம்தான் அதிகம், அதில் கிடைத்த சந்தோஷமும் அதிகம். செர்மாட்டிலிருந்து கோர்னர்கிராட்டுக்கு 1898 முதலே மலைரயில் ஓடுகிறது. 3,000 மீட்டருக்கு மேல் இறங்கி நின்றால் மோன்டே ரோசாவும் லிஸ்காமும் நேர் எதிரே. படத்திலிருந்து எடுத்த சில சட்டகங்களை அச்சடித்துக் கையில் வைத்துக்கொண்டு, முகட்டுக் கோட்டை ஒவ்வொன்றாகப் பொருத்திப் பார்த்தேன். பாறைக்கோடு மாறவில்லை, அப்படியே இருக்கிறது. பனியாறு மட்டும் எங்கோ கீழே இறங்கிப்போய், படத்தில் வெள்ளையாக இருக்கும் இடங்களில் இன்று சாம்பல் நிறக் கற்குவியல். அதனால் பனியை வைத்து இடம் தேடாதீர்கள், பாறையை வைத்துத் தேடுங்கள். சுவிஸ் நில அளவைத் துறையின் இணைய வரைபடத்தில் பழைய ஆண்டுகளைத் தேர்ந்தெடுத்துப் பார்க்கும் வசதி இருக்கிறது. 1920-களின் வரைபடத்தை இன்றையதோடு மாற்றி மாற்றிப் பார்த்தால் அன்றைய பனியாற்றின் கரை எங்கே இருந்தது என்று தெரியும். இடம் தெரிந்துவிட்டால் நடிகர்கள் எங்கே தங்கியிருப்பார்கள், எந்தப் பக்கமாக ஏறியிருப்பார்கள் என்று ஊகிக்கலாம். அடுத்து எந்தக் காகிதத்தைத் தேடுவது என்பதும் அதிலிருந்தே வரும்.

ரோடே ஏன் இப்படி மங்கிப்போனார் என்பதற்கு எனக்குத் தெரிந்த விடை இது. படத்தையே ‘படங்களால் ஆன ஆல்ப்ஸ் சிம்பொனி’ என்றுதான் அறிமுகப்படுத்தினார்கள். மலைதான் நாயகன் என்று சொல்லிவிட்டால் மனிதர்கள் அளவுகோல் மட்டும் ஆகிவிடுகிறார்கள். அப்புறம் இசை. இந்தப் படத்துக்கு ஜெர்மன் இசையமைப்பாளர் பவுல் ஹிண்டமித், ‘பவுல் மெரானோ’ என்ற புனைபெயரில் இசை எழுதினார். பின்னாளில் அவர் உலகப் புகழ் பெற்றதால், படத்தின் பெயரைத் தேடினாலே இசையைப் பற்றிய கட்டுரைகள்தான் முன்னால் வருகின்றன. ஷ்னைடரின் பெயரை அவருடைய பனிச்சறுக்குப் பள்ளி காப்பாற்றியது. 1938-ல் ஆஸ்திரியா நாஜிகள் கைக்குப் போனதும் அவரைக் கைது செய்தார்கள். மறு ஆண்டு அமெரிக்கா போய், அங்கேயும் கற்றுக்கொடுத்து, 1955-ல் இறந்தார். (ஃபாங்க்கின் ஆரம்பப் படங்களின் ஒளிப்பதிவாளர் ஆல்கையர் 1934-ல் நியூரம்பர்க் நாஜி மாநாட்டைப் படம்பிடித்த குழுவுக்குத் தலைமை ஒளிப்பதிவாளராக இருந்தார். ஒரே பனியில் ஒன்றாக நின்றவர்கள் எவ்வளவு தூரம் விலகிப் போனார்கள் என்பது என்னை எப்போதும் உறுத்துகிற விஷயம்.) இன்று ஆல்ப்ஸ் மலைப்படத்தில் பெண் என்றவுடன் எல்லாரும் நடிகையும் இயக்குநருமான லெனி ரீஃபென்ஷ்டாலைத்தான் சொல்கிறார்கள். அவர் ஃபாங்க்கின் படத்தில் முதலில் தோன்றியது 1926-ல். அதற்கு 5 ஆண்டுகளுக்கு முன்பே ரோடே லிஸ்காம் படத்தில் கயிற்றின் மறுமுனையில் இருந்தார். இதைச் சொல்லாமல் எழுதப்படுகிற வரலாறு எனக்கு முழுமையாகப் படவில்லை.

காப்பகங்களுக்கு எழுதுவது பற்றியும் சொல்ல வேண்டும். ‘இன்னாரைப் பற்றி ஏதாவது இருக்கிறதா’ என்று பொதுவாகக் கேட்டால் பொதுவான பதில்தான் வரும். படத்தின் பெயர், மாற்றுத் தலைப்பு, ஆண்டு, நீங்கள் பார்த்த பிரதியின் நிமிடக்கணக்கு, எந்த நிமிடத்தில் என்ன காட்சி, உங்களுக்கு என்ன வேண்டும் என்று ஒரு பக்கத்துக்குள் எழுதுங்கள். ஜெர்மன் அரைகுறையாக இருந்தாலும் பரவாயில்லை, ஜெர்மனிலேயே எழுதுங்கள். நான் கண்டவரை, பொறுமையாகப் பதில் எழுதுகிறவர்கள்தான் அதிகம். ஒரு பெட்டி கைக்கு வந்தால் தேடிய பெயரை மட்டும் பார்த்துவிட்டு மூடாதீர்கள். செலவுக் கணக்கு, சுமைகூலி, தங்கும் குடில் ரசீது என்று எதெல்லாம் இருக்கிறதோ அதையெல்லாம் படம் எடுத்துக்கொள்ளுங்கள். யார் யார் சேர்ந்து போனார்கள் என்பது பெரும்பாலும் அங்கேதான் இருக்கும்.

கடைசியாக, குடில் பதிவேடுகள். ஆல்ப்ஸ் மலைக்குடில்களில் இரவு தங்குபவர்கள் பெயர், ஊர், எங்கிருந்து வந்தோம், எங்கே போகிறோம் என்று ஒரு பெரிய புத்தகத்தில் எழுதுவது அன்றும் வழக்கம், இன்றும் வழக்கம். யாராவது திரும்பாவிட்டால் எங்கே தேடுவது என்று தெரிவதற்காக வந்த ஏற்பாடு. சுவிட்சர்லாந்துப் பக்கமிருந்து லிஸ்காம், மோன்டே ரோசா மலைகளில் ஏறுபவர்கள் அன்று பெரும்பாலும் தங்கியது பெடாம்ஸ் குடிலில். இப்போது மோன்டே ரோசா குடில் என்கிறார்கள். இந்தப் புத்தகங்களில் மலையேறுபவர்கள் தங்கள் கையாலேயே எழுதுவதால், கணவரின் பட்டத்துக்குள் ஒளிந்த பெண்கள்கூடப் பல இடங்களில் சொந்தப் பெயரோடு இருக்கிறார்கள். படத்தின் ஆண்டைவிட ஒரு வருடம் முன்னும் பின்னும் சேர்த்துக் கேளுங்கள், படப்பிடிப்பும் வெளியீடும் ஒரே பருவத்தில் நடக்க வேண்டும் என்று இல்லை. குடிலிடம் கேட்பதைவிட, அதை நடத்தும் மலையேறுவோர் சங்கக் கிளையிடம் கேட்பது நல்லது. பழைய புத்தகங்களைப் பெரும்பாலும் கிளைகளோ உள்ளூர்க் காப்பகங்களோதான் வைத்திருக்கும். கோடையில் அவர்களுக்கு மூச்சுவிட நேரம் இருக்காது. இலையுதிர் காலத்தில் குடில்கள் மூடிய பிறகு எழுதுங்கள்.